இறக்குமதித் தடையும் அறமும்: வன்னியின் மிளகாய்ச் செய்கையை முன்வைத்து

அரசொன்று ஒரு பண்டத்தின் இறக்குமதியைத் தடைசெய்யும்போது இரண்டு செயல்களை ஒருங்கே செய்கின்றது. அப்பண்டத்தை உள்நாட்டில் விளைவிப்போனுக்கு நல்ல விலையை உறுதிசெய்கின்றது. அந்த விலையை வாங்கியுண்போன் கொடுக்கவேண்டும் என்றும் விதிக்கின்றது. முதலாவது செயல் மேடையிலே முழங்கப்படுவது. இரண்டாவது எங்கும் எழுதப்படுவதில்லை. அடுப்படியில் மட்டும் உணரப்படுவது. நேரடியான வரியாயின் அதற்கு ஒரு வீதமுண்டு, பாராளுமன்றத்தில் ஒரு விவாதமுண்டு, வரவு செலவுத் திட்டத்தில் ஒரு வரியேனும் உண்டு. இறக்குமதித் தடையோ வசூலிப்போர் எவரும் இல்லாத வரியாகும். கொடுப்பவனுக்குத் தான் கொடுக்கின்றான் என்பது தெரிவதில்லை. பெறுபவனுக்கும் தான் பெறுவது பிறனுடையது என்று தோன்றுவதில்லை.

பொருளியலாளர் இதனை இலாப நட்டக் கணக்காக ஆராய்வர். அக்கணக்கு வேண்டியதே. ஆயின் கணக்கு முடிந்த இடத்தில் வேறொரு வினா எஞ்சுகின்றது. ஒருவனுடைய வாழ்வை உயர்த்துதற் பொருட்டு இன்னொருவனுடைய கறிச்சட்டியிலிருந்து எடுக்கும் உரிமை அரசுக்கு எங்கிருந்து வருகின்றது? எடுக்கப்பட்டவனுக்குக் கடன்பட்டவர் யார்? வன்னிப் பெருநிலப்பரப்பைப் பொறுத்தவரை இவ்வினா ஏட்டளவில் நிற்பதன்று. அங்கு கொடுத்தவனும் பெற்றவனும் ஒரே வரம்பில் எதிரெதிரே நின்றனர்.

1970 இல் ஆட்சிக்கு வந்த ஐக்கிய முன்னணி அரசாங்கம் வெறுமையான கருவூலத்தையே பொறுப்பேற்றது. தேயிலையின் உலக விலை நலிந்திருந்தது. உணவு இறக்குமதிச் செலவோ ஏறிக்கொண்டிருந்தது. 1973 இன் எண்ணெய் நெருக்கடியும் அதனையொட்டிய தானிய விலையேற்றமும் நிலைமையை மேலும் முறுக்கின. நிதியமைச்சர் கலாநிதி என்.எம். பெரேரா சமதர்மக் கொள்கையினர் எனினும், அக்காலத்து இறக்குமதிக் கட்டுப்பாடுகளுக்குக் கொள்கையைவிட அந்நியச் செலாவணிப் பஞ்சமே பெருங் காரணமாயிற்று எனலாம். செத்தல் மிளகாய், வெங்காயம் முதலிய உபஉணவுப் பயிர்களின் இறக்குமதி தடுக்கப்பட்டது அல்லது மிகக் கடுமையாகக் கட்டுப்படுத்தப்பட்டது. இதுகாறும் இந்தியாவிலிருந்து கப்பலில் வந்த மிளகாய் இனி இலங்கை மண்ணிலேயே விளைதல் வேண்டும் என்றாயிற்று.

அவ்வாறு விளைவிக்கத்தக்க நிலமும் கையும் வடக்கிலேயே ஆயத்தமாக இருந்தன. யாழ்ப்பாணத்துச் செம்மண் தோட்டங்களில் தலைமுறை தலைமுறையாகக் கிணற்று நீர் இறைத்துப் பயிர்செய்து தேர்ந்தவர்கள் ஏற்கெனவே இரணைமடு, முத்தையன்கட்டு முதலிய குளங்களையொட்டிய குடியேற்றங்களுக்கு வந்திருந்தனர். 1960களின் பிற்பகுதியில் தொடங்கிய படித்த வாலிபர் திட்டங்கள் விசுவமடு, முத்தையன்கட்டு போன்ற இடங்களிற் காடு வெட்டிய இளைஞர் பலரை மேட்டுநிலப் பயிர்ச்செய்கைக்கு ஆற்றுப்படுத்தின. 1970களின் தொடக்கத்தில் வந்த தரப்படுத்தல் பல்கலைக்கழகக் கதவைப் பலருக்கு அடைத்தபொழுது, திறந்திருந்த கதவுகளுள் ஒன்று மிளகாய்த் தோட்டத்தின் படலை என்பது இன்று பலர் மறந்துவிட்ட செய்தி. ஒரே அரசாங்கத்தின் ஒரு கை பறித்தது. மறு கை, தான் கொடுப்பதை அறியாமலே கொடுத்தது.

அறியாமலே என்பது இங்கு கருத்திற் கொள்ளத்தக்கது. இறக்குமதித் தடை வடபுலத்துக் கமக்காரனை வாழ்விக்கும் நோக்குடன் இயற்றப்பட்டதன்று. டொலரைச் சேமிக்கும் நோக்குடன் இயற்றப்பட்ட ஒன்றின் நிழலில் அவன் வாழ்ந்தான். ஆயினும் வாழ்ந்தான் என்பதில் ஐயமில்லை. நீரிறைக்கும் இயந்திரத்தின் ஒலி விடியுமுன்னரே காணிகளிற் கேட்கத் தொடங்கிற்று. மண்குடிசை கல்வீடாயிற்று; உழவு இயந்திரம் வந்தது; பழம் மிளகாய் பாயிலும் முற்றத்திலும் காய்ந்து செத்தலாகிச் சாக்கிற் கட்டுண்டு கொழும்புக்கு லொறி ஏறிற்று. அக்காலத்தைப் பற்றிய நினைவு எத்துணை ஆழமானது என்பதற்கு 1982 ஆம் ஆண்டு சனாதிபதித் தேர்தல் ஒரு சான்று. கிளிநொச்சியையும் உள்ளடக்கியிருந்த யாழ்ப்பாணத் தேர்தல் மாவட்டத்தில், முன்னைய அரசாங்கத்தின் விவசாய அமைச்சராயிருந்த ஹெக்டர் கொப்பேகடுவ மூன்றிலொரு பங்குக்கு மேற்பட்ட வாக்குகளைப் பெற்று, பதவியிலிருந்த சனாதிபதி ஜே.ஆர். ஜயவர்தனாவை முந்தி இரண்டாமிடத்தில் நின்றார். 1972 ஆம் ஆண்டு அரசியலமைப்பையும் தரப்படுத்தலையும் கொண்டுவந்த கட்சியின் வேட்பாளருக்குத் தமிழர் இத்துணை வாக்களித்தமைக்கு மிளகாயும் வெங்காயமும் பெற்ற விலையையே பலரும் காரணமாகக் கூறுவர். அன்றைய ஆட்சியாளர் மீதிருந்த வெறுப்பும் அதனோடு சேர்ந்திருத்தல் கூடும்.

இவ்வாழ்வை இழிவாகப் பேசுதல் தகாது. கட்டற்ற வாணிபத்தை ஆதரிப்போர் சிலர், தடையினால் வாழ்ந்தவனை ஒட்டுண்ணி என்று கூறத் தயங்குவதில்லை. வெயிலில் நின்று காடு வெட்டியவன், யானைக்கும் நுளம்புக்கும் இடையே குடிசை போட்டவன், கடன்பட்டு இயந்திரம் வாங்கியவன் ஒட்டுண்ணி ஆகான். அவன் பெற்ற விலையில் ஒரு பகுதி உழைப்பின் பயன். ஒரு பகுதி தடையின் பயன். இவ்விரண்டையும் பிரித்தறிய அவனிடம் தராசு இல்லை. பிரித்தறியாமை அவன் குற்றமும் அன்று. ஆனால் இரண்டாவது பகுதி எங்கிருந்து வந்தது என்பதை ஆராய்வோர் பார்க்காது விடுதல் குற்றமாகும்.

கொழும்பிலே கறிக்கூட்டு வாங்கிய எழுதுவினைஞன் அதிற் சிறிது கொடுத்தான்; மாத்தறை மீனவன் சிறிது கொடுத்தான். இவை பகிர்ந்து தாங்கத்தக்க சுமைகள். ஆயின் இச்சுமை மிகவும் அழுத்தியது எவனை என்று தேடின், தேடுவோர் மலைநாட்டுத் தேயிலைத் தோட்டத்தின் லயத்தறையிற் சென்று நிற்பர்.

இதனை விளங்கிக்கொள்ள அக்காலச் செலாவணி முறையைச் சற்று நோக்குதல் வேண்டும். 1968 இல் அறிமுகமான அந்நியச் செலாவணி உரிமைச் சான்றிதழ்த் திட்டத்தின்படி ரூபாவுக்கு இரண்டு பெறுமதிகள் இருந்தன. அத்தியாவசியமற்ற பொருள்களை இறக்குமதி செய்வோர் உத்தியோகபூர்வ வீதத்துக்கு மேல் ஒரு மிகையைச் செலுத்தினர்; 1970களில் அம்மிகை 65 விழுக்காடு வரை உயர்ந்தது. புதுவகை ஏற்றுமதியாளர் அம்மிகையைப் பெற்றனர். தேயிலை, இறப்பர், தெங்கு ஆகிய மூன்றுக்கும் அது கிடைக்கவில்லை. நாட்டின் அந்நியச் செலாவணியைப் பெரும்பாலும் ஈட்டித்தந்த தேயிலை, குறைந்த வீதத்திலேயே ரூபாவாக மாற்றப்பட்டது. சுருங்கக்கூறின், இறக்குமதிச் சுவரைத் தாங்கிய அத்திவாரக் கல் தேயிலை. அத்தேயிலையைப் பறித்த கையின் கூலியோ அக்கல்லின் கீழ் நசுங்கியது. ஏற்றுமதியில் ஒரு முறையும், சங்கக்கடையில் ஒரு முறையுமாக அத்தொழிலாளி இருமுறை செலுத்தினான்.

அரிசி, கோதுமை மா என்பவற்றின் பங்கீடு குறைக்கப்பட்ட 1973, 1974 ஆம் ஆண்டுகளில் அச்செலுத்துகை உயிரிலேயே அறவிடப்பட்டது. கிராமத்தவனுக்கு ஒரு மரவள்ளித் தடியேனும் நடக் கொல்லைப்புறம் இருந்தது. லயத்திலிருந்தவனுக்குப் பெரும்பாலும் அதுவும் இல்லை. நெல்லை ஓரிடத்திலிருந்து ஓரிடத்துக்குக் கொண்டுசெல்வதும் கட்டுப்படுத்தப்பட்டிருந்தமையால், காசு இருந்தபோதும் அரிசி மலையேறவில்லை. 1974 இல் தோட்டப்புறங்களின் இறப்பு வீதம் சடுதியாக உயர்ந்தமை பதிவாகியுள்ள உண்மை. மிளகாயின் விலையே அவர்களைக் கொன்றது என்று கூறுதல் மிகைக் கூற்றாகும். கொன்றது பங்கீட்டு மாவின் குறைவு. ஆயினும் மிளகாய்க்கு வேலியிட்டதும் மாவைக் குறைத்ததும் ஒரே கணக்குப் புத்தகத்தின் இரு பக்கங்களே. டொலரைச் சேமிப்பதென்ற ஒரே தீர்மானம் ஒரு பக்கத்திற் கல்வீடாகவும் மறு பக்கத்திற் சவக்குழியாகவும் எழுதப்பட்டது.

அறநூலார் சிலர் இவ்விடத்திற் சம்மதம் என்ற கருத்தைக் கொணர்வர். குடியாட்சியில் பெரும்பான்மையோர் ஏற்றுக்கொண்ட சுமை, சிலருக்குப் பெருஞ்சுமையாயினும் நீதியின்பாற் பட்டதே, அவர்களும் வாக்களித்தனர், நாளை ஆட்சியை மாற்றவும் வல்லர் என்பது அவ்வாதம். பிரித்தானியாவில் தானியச் சட்டங்கள் 1846 இல் நீக்கப்பட்டமை இத்தகைய அரசியற் போராட்டத்தின் பயனே. பாண் விலையால் வருந்திய நகரத்தார் கூட்டங்கூடினர், மனுக்கொடுத்தனர், பாராளுமன்றத்தில் இடம்பிடித்தனர். தோட்டத் தொழிலாளருட் பெரும்பாலோருக்கோ 1948, 1949 ஆம் ஆண்டுகளின் சட்டங்களால் குடியுரிமையும் வாக்குரிமையும் மறுக்கப்பட்டிருந்தன. 1964 ஆம் ஆண்டு சிறிமா - சாஸ்திரி உடன்படிக்கை அவர்களை எண்களாகப் பிரித்து, ஒரு பகுதியினரை இந்தியாவுக்கும் ஒரு பகுதியினரை இலங்கைக்கும் ஒதுக்கியது. எவரும் அவர்களைக் கேட்கவில்லை. ஆதலால், மிகுதியாகச் செலுத்தியவனே சொல்வதற்கு வாயற்றவன் என்ற நிலை உண்டாயிற்று. இது தற்செயலன்று. சுமை எப்பொழுதும் வாக்கில்லாத பக்கத்துக்கே சரியும். காப்பு வரியாயினும் தடையாயினும் அனுமதிப்பத்திரமாயினும், அதன் அரசியல் ஈற்றில் யாரைக் கேட்க வேண்டியதில்லை என்பதைக் கண்டுகொள்ளும் கலையாகவே முடிகின்றது.

இனி நிகழ்ந்தது ஒரு புனைகதையாசிரியன் எழுதியிருப்பின் செயற்கை என்று ஒதுக்கத்தக்கது. பசியினால் துரத்தப்பட்ட அத்தொழிலாளர், தோட்டங்கள் அரசுடைமையானபோது மூண்ட வன்செயல்களினாலும் துரத்தப்பட்டு, குடும்பங் குடும்பமாக வவுனியாவுக்கும் கிளிநொச்சிக்கும் முல்லைத்தீவுக்கும் வந்தனர். 1977 ஆகஸ்டு வன்செயலின் பின்னர் மேலும் பலர் வந்தனர். வவுனியாவில் காந்தியம் அமைப்பு அவர்களுட் பலரைக் குடியமர்த்தியது. ஏனையோர் தமக்குக் கிடைத்த வேலைக்குச் சென்றனர். கிடைத்த வேலை பெரும்பாலும் மிளகாய்த் தோட்டத்தில் களை பிடுங்குவதும், நீர் மாறுவதும், பழம் ஆய்வதும், வயலில் அருவி வெட்டுவதுமே. தேயிலைக் கொழுந்து கிள்ளிய விரல் மிளகாய்ப் பழம் ஆய்ந்தது. எந்த விலையின் ஒரு பகுதி தன் வயிற்றிலிருந்து சென்றதோ, அந்த விலையில் விளைந்த தோட்டத்தில் அவன் நாட்கூலியாக நின்றான்.

கமக்காரன் என்ன செய்திருத்தல் வேண்டும்? அவன் தடையை இயற்றவில்லை, பங்கீட்டைக் குறைக்கவில்லை, குடியுரிமையைப் பறிக்கவில்லை. குற்றம் அவனுடையதன்று என்பது தெளிவு. ஆயின் குற்றத்துக்கும் கடனுக்கும் வேறுபாடுண்டு. பிறனுடைய பொருள் வெள்ளத்தில் அடித்துவரப்பட்டு ஒருவன் முற்றத்தில் ஒதுங்கின், அவன் கள்வனாகான்; உரியவன் வந்து படலையில் நிற்கும்போது அவன் என்ன செய்கின்றான் என்பதிலேயே அறம் தொடங்குகின்றது. வன்னியில் உரியவன் வந்து நின்றான். சிலர் அவனுக்குத் தம் காணியில் ஒரு துண்டு கொடுத்தனர். குடிசை போடக் கம்பும் கிடுகும் கொடுத்தனர். பலர் அவன் நிலையறிந்து கூலியைக் குறைத்தனர். அவனைக் குறிக்க இழிசொற்களும் வழங்கின. அவற்றை இங்கு எடுத்தெழுத வேண்டுவதில்லை. தமிழன் என்ற உறவு மேடையிற் பேசப்பட்ட அளவுக்கு வரம்பிற் பேணப்படவில்லை என்பதை அப்பகுதி மக்களின் நினைவுகள் இன்றும் கூறும்.

1977 யூலையில் ஆட்சி மாறியது. அவ்வாண்டு நவம்பரில் நிதியமைச்சர் றொனி டி மெல் சமர்ப்பித்த வரவு செலவுத் திட்டம் இறக்குமதிக் கட்டுப்பாடுகளிற் பெரும்பாலானவற்றை அகற்றியது. இரட்டைச் செலாவணி முறை ஒழிந்து ரூபாவின் பெறுமதி டொலருக்கு ஏறத்தாழ 16 என வீழ்ந்தது. மிளகாயும் வெங்காயமும் மீண்டும் கப்பலேறி வந்தன. விலை சரிந்தது. இறைப்பு இயந்திரத்துக்கு வாங்கிய கடன் மட்டும் சரியவில்லை. நகரத்துத் தாய்மார் மகிழ்ந்திருப்பர். அவர்கள் மகிழ்ச்சி நியாயமானதே. 1970களின் பாண் வரிசையில் விடியற் காலை நின்றவர்கள் கடைகளிற் பொருள் நிறைந்திருப்பதைக் கண்டு கொண்ட மகிழ்ச்சியை, வரிசையில் நில்லாதவர்கள் ஏளனஞ் செய்தல் எளிது. ஆனால் அரசு சுவரை ஒரேநாளில் இடித்தபோது அச்சுவரை நம்பி வீடு கட்டியவனுக்கு ஏதும் சொல்லவில்லை. இழப்பீடு இல்லை, படிப்படியாகத் தளர்த்தும் கால அட்டவணையும் இல்லை.

இதனை வாக்குமீறல் எனலாமா? அரசு கமக்காரனுக்கு வாக்குக் கொடுத்ததில்லையே என்பர். சட்டப்படி உண்மை. ஆயினும் ஏழாண்டு ஒரு கொள்கையைக் கடைப்பிடித்து, காடு வெட்டக் காணியும் கடனும் கொடுத்து, நாட்டுக்கு உணவளிப்போன் நீயே என்று புகழ்ந்த பின்னர், நாம் எதுவும் எழுதித் தரவில்லை என்று கூறுதல் வட்டிக்கடைக்காரனின் நியாயமன்றி அரசின் நியாயமாகாது. காப்புக் கொள்கைக்குத் தத்துவம் வகுத்த ஜெர்மானிய அறிஞர் பிரெடரிக் லிஸ்ட், இளந் தொழில் வளர்ந்து நிற்கும் வரைக்குமே காப்பு வேண்டும் என்றார். வன்னியின் மிளகாய்க்குக் காப்பளித்தவர்கள் அது என்று வளர்ந்து நிற்கும் என ஒருபோதும் கேட்கவில்லை. நல்ல விதை, களஞ்சியம், உலர்த்தும் வசதி, விளைச்சலைக் கூட்டும் ஆராய்ச்சி ஆகியவற்றைத் தடையின் நிழலிற் போதியளவு வளர்த்திருப்பின் சுவர் வீழ்ந்தபோது நிற்க ஓர் ஊன்றுகோல் இருந்திருக்கும். விலை ஒன்றையே கொடுத்தனர். விலை போனபோது எல்லாம் போயிற்று.

அவ்வீழ்ச்சியின் கடைசிப் படியில் நின்றவனும் அதே நாட்கூலியே. தோட்டச் செய்கை குறைந்தபோது முதலில் நிறுத்தப்பட்டது அவன் வேலை. அவ்வேளையில் 1978 இல் அரிசிப் பங்கீடு மாத வருமானம் 300 ரூபாவுக்குக் குறைந்த குடும்பங்களுக்கென வரையறுக்கப்பட்டு, 1979 இல் உணவு முத்திரையாக மாறிற்று. முத்திரையிற் குறித்த ரூபாத் தொகை அப்படியே நிற்க, விலைகள் ஏறின. சுவர் எழுந்தபோது செலுத்தியவன், சுவர் வீழ்ந்தபோதும் செலுத்தினான். கட்டற்ற வாணிபம், காப்புக் கொள்கை என்னும் இரு கட்சியாரும் தம்முள் வாதிடும்போது, இருவருடைய செலவையும் தாங்கிய இவன் எந்தக் கட்சியின் கணக்கிலும் வருவதில்லை.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் அமெரிக்க அறிஞர் ஹென்றி ஜோர்ஜ் ஒரு கருத்தைக் கூறினார்: போர்க்காலத்திற் பகைவர் ஒரு நாட்டுக்குச் செய்ய முயலும் முற்றுகையை, காப்புக் கொள்கை அமைதிக் காலத்தில் அந்நாடு தனக்குத்தானே செய்துகொள்ளக் கற்பிக்கின்றது என்பது அதன் சாரம். இக்கூற்றின் இரு பாதிகளையும் ஒரே மண்ணில், ஒரே தலைமுறையில் அனுபவித்த மக்கள் உலகில் அரியர். வன்னி மக்கள் அவ்வரியோருள் அடங்குவர். 1990 இன் பின்னர் அரசு விதித்த பொருளாதாரத் தடையின்கீழ் எரிபொருள், யூரியா, சீமெந்து, மின்கலம் முதலியவை வடக்கே செல்வது தடுக்கப்பட்டது அல்லது மட்டுப்படுத்தப்பட்டது. சிறிது மண்ணெண்ணெய் ஊற்றிய ஜாம் போத்தல் விளக்கில் மாணவர் படித்தனர். உள்ளே ஆட்சி செய்தவர்களும் வந்த பொருளின்மீது தம் பங்குக்கு வரி அறவிட்டனர். 2002 இன் தொடக்கத்திலேயே தடை பெருமளவு நீங்கியது. 2006 இல் ஏ-9 வீதி மூடப்பட்டபோது அது வேறு உருவில் மீண்டது.

ஜோர்ஜின் ஒப்புமை முழுமையானது என்று கொள்ளுதல் இயலாது. முற்றுகை விளைச்சலை வெளியேவிடாது, உரத்தை உள்ளேவிடாது. காப்புச் சுவரோ சந்தையைத் திறந்தே வைக்கின்றது. முற்றுகையின் நோக்கம் துன்புறுத்தல். காப்பின் நோக்கம் வாழ்வித்தல். ஆயினும் முற்றுகையில் வாடியவர்களுக்கு ஓருண்மை உடலால் விளங்கியது. கடையில் ஒரு பொருள் இல்லாதபோது, அது எந்த உயர்ந்த நோக்கத்துக்காக இல்லை என்பது பசித்த குழந்தைக்கு விடையாகாது. அவ்விடையற்ற நிலையை 1974 இல் லயத்திலிருந்தவன் அறிந்திருந்தான். கமக்காரன் அதனை அறியப் பதினாறு ஆண்டுகள் பிந்தின.

இவையெல்லாம் பழங்கதையெனத் தள்ளவும் முடியவில்லை. 2020 இல் மஞ்சள் இறக்குமதி தடுக்கப்பட்டபோது அதன் விலை பன்மடங்கு உயர, மன்னார், புத்தளம் கடற்கரைகளில் தமிழகத்திலிருந்து கடத்திவரப்பட்ட மஞ்சள் மூடைகள் பிடிபட்டன. 2021 மே மாதத்தில் இரசாயனப் பசளை இறக்குமதி தடைசெய்யப்பட்டது. உடல்நலமும் இயற்கை வேளாண்மையும் காரணங்களாகக் கூறப்பட்டன. அந்நியச் செலாவணிப் பஞ்சம் பேசப்படாமல் அருகே நின்றது. இம்முறை தடை கமக்காரனைக் காக்கவில்லை, அவனையே தாக்கியது. 1990களில் யூரியா இல்லாமற் பயிர்செய்து பழகிய வன்னிக் கமக்காரருக்கு இது புதிய அனுபவம் அன்று எனினும், அன்று தடுத்தது போர், இன்று தடுப்பது யார் என்ற வினா அவர்களிடம் எழாமலிருந்திருக்காது. நவம்பரில் தடை நீக்கப்பட்டபோது காலபோக விதைப்பு ஏற்கெனவே நடந்துவிட்டது. விளைச்சல் பெரிதும் வீழ்ந்தது. அரிசியை இறக்குமதி செய்ய வேண்டியதாயிற்று. 2022 ஏப்பிரலில் நாடு வெளிநாட்டுக் கடன் செலுத்துவதை நிறுத்தியது. 1977 ஐப் போலவே இங்கும் முன்னறிவிப்பு இல்லை, படிமுறை இல்லை, இழப்பவனைக் கேட்டல் இல்லை.

கேட்டல் என்ற ஒன்றை முதன்மைப்படுத்தினால் தடை வேண்டுமா வேண்டாமா என்ற பழைய வழக்கின் உருவமே மாறிவிடும். ஒரு நாடு தன் மிளகாயைத் தானே விளைவிக்க விரும்புதல் தவறன்று. அதற்காகச் சிறிது கூடுதல் விலை கொடுக்க மக்கள் இசைவராயின் அது அவர்கள் உரிமை. ஆயின் யார் எவ்வளவு கொடுக்கின்றனர் என்பது வெளிப்படையாகக் கணக்கிடப்படுதல் வேண்டும். தாங்கமாட்டாதவனுக்கு அக்கணக்கிலிருந்தே ஈடு செய்தல் வேண்டும். எப்போது முடியும் என்பதையும் தொடக்கத்திலேயே கூறுதல் வேண்டும். இவ்வாறு செய்தால் தடைகளுட் பல இயற்றப்படவே மாட்டா என்று எள்ளுவோர் உளர். அவ்வெள்ளலில் உண்மை உண்டு. மறைவாயிருக்கும் வரையிலேயே வாழக்கூடிய கொள்கை வெளிச்சத்தில் மடிவது அதன் குறையேயன்றி வெளிச்சத்தின் குறையன்று.

இரணைமடுவின் வாய்க்கால் நீர் பாயும் வயல்களுக்கு அப்பால் மலையாளபுரம், கிருஷ்ணபுரம், பாரதிபுரம் எனப் பல ஊர்கள் மேட்டுநிலத்தில் உள்ளன. 1970களில் மலைநாட்டிலிருந்து வந்தவர்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் அங்கு வாழ்கின்றனர். நீர்ப்பாசனமுள்ள வயற்காணி அவர்களுட் பெரும்பாலோருக்கு இல்லை. அருவி வெட்டுக் காலத்தில் அவர்கள் சைக்கிளிலும் உழவு இயந்திரப் பெட்டியிலும் ஏறி வாய்க்காலுக்கு இப்பால் உள்ள வயல்களுக்குக் கூலிக்கு வருகின்றனர்.